மட்டியும் கிழங்கும் பாலும்

வரலாறு என்றவுடன் நம் நினைவுக்கு வருவன போர்களும் முடிசூட்டு விழாக்களும் உடன்படிக்கைகளுமே. அவற்றின் ஆண்டுகளை மனப்பாடம் செய்கிறோம், தேர்வு எழுதுகிறோம், பிறகு மறந்தும் விடுகிறோம். நாள்தோறும் நம் முன் வைக்கப்படும் உணவுக்கும் வரலாறு உண்டு என்பதை எண்ணிப் பார்ப்போர் சிலரே. ஓர் உணவுப் பொருள் எந்த நாட்டில் தோன்றிற்று, எந்த வழியாக வந்தது, வந்த இடத்தில் எதை அகற்றிவிட்டுத் தான் அமர்ந்தது என்று கேட்கத் தொடங்கினால், அந்தக் கேள்வி நம்மைப் பல நாடுகளுக்கும் பல நூற்றாண்டுகளுக்கும் அழைத்துச் சென்றுவிடும். ஒரே ஒரு கிண்ணம் சூப்பை எடுத்துக்கொண்டு இன்று அவ்வாறு கேட்டுப் பார்ப்போம்.

அந்தச் சூப்புக்கு 'சௌடர்' என்று பெயர். அமெரிக்காவின் வடகிழக்குக் கரையிலுள்ள நியூ இங்கிலாந்துப் பகுதி மக்கள் அதைத் தம் மண்ணின் உணவு என்று பெருமையோடு கூறுவர். கடல் மட்டி, உருளைக்கிழங்கு, பால், வெங்காயம் ஆகியவற்றைச் சேர்த்துக் கெட்டியாகக் காய்ச்சுவது அது. இதை நாம் பாஸ்டன் நகரத்தில் சமைக்கப் போவதில்லை. நம் நீலகிரியில், கோத்தகிரி, குன்னூர், உதகை ஆகிய மூன்று ஊர்களுக்கும் நடுவில் அமைந்துள்ள கட்டபெட்டில் சமைப்பதாக வைத்துக்கொள்வோம். 'பெட்டு' என்றால் படுக மொழியில் மலை. மலைமேல் கடலுணவா என்று நீங்கள் நகைக்கலாம். சற்றுப் பொறுத்திருங்கள். அந்தச் சூப்புக்கு வேண்டிய மூன்று முதன்மையான பொருள்களில் இரண்டுக்கு இந்த மலை ஒரு காலத்தில் புகழ்பெற்ற இடமாயிருந்தது. அந்தப் புகழுக்கு என்ன நேர்ந்தது என்பதே நான் சொல்ல வந்த செய்தி.

முதலில் சூப்பின் பிறப்பைப் பார்ப்போம். பிரெஞ்சு மொழியில் 'ஷோதியேர்' என்றால் கொப்பரை. சௌடர் என்னும் பெயர் அந்தச் சொல்லிலிருந்து வந்திருக்கக் கூடும் என்பர் மொழி ஆராய்ச்சியாளர் பலர். மீன் பிடிக்கச் சென்றவர்கள், பிடித்த மீனில் ஒரு பங்கையும் கையிலிருந்த கப்பல் ரொட்டியையும் ஒரே கொப்பரையில் இட்டுக் காய்ச்சி உண்டதிலிருந்து இவ்வுணவு வளர்ந்தது. அச்சில் ஏறிய சௌடர் செய்முறைகளுள் மிகப் பழையது 1751ஆம் ஆண்டில் பாஸ்டன் நகரச் செய்தித்தாள் ஒன்றில் வெளிவந்தது. சமையற்காரர் ஒருவர் எழுதிய குறிப்புப் போல் இல்லாமல் அது செய்யுளாகவே அமைந்திருக்கிறது. வெங்காயம், உப்பிட்ட பன்றி இறைச்சி, மீன், கப்பல் ரொட்டி ஆகியவற்றை அடுக்கடுக்காக வைத்து வேகவிடச் சொல்கிறது அச்செய்யுள்.

இங்கே ஒன்றைக் கவனியுங்கள். அந்தச் செய்முறையில் மட்டி இல்லை, உருளைக்கிழங்கு இல்லை, பாலும் இல்லை! இன்று எவையெவை இல்லாவிட்டால் அது சௌடரே ஆகாது என்று அம்மக்கள் கருதுகிறார்களோ, அவை மூன்றும் அதில் இல்லை. 1832ஆம் ஆண்டில் லிடியா மரியா சைல்டு என்னும் அம்மையார் தம் சமையல் நூலில், மட்டி சில சேர்த்தால் சுவை கூடும் என்று போகிற போக்கில் குறிப்பிடுகிறார். 1851இல் ஹெர்மன் மெல்வில் 'மோபி டிக்' என்னும் புதினத்தை வெளியிட்டபோது, சௌடருக்கென்றே ஓர் அத்தியாயம் ஒதுக்கும் அளவுக்கு மட்டிச் சௌடர் பெயர் பெற்றிருந்தது. கிழங்கும் பாலும் அந்தப் பத்தொன்பதாம் நூற்றாண்டில்தான் கொப்பரையில் இடம் பிடித்தன. கப்பல் ரொட்டி மெல்ல மெல்லக் கிண்ணத்தின் மேலே தூவும் துணைப்பொருளாகிவிட்டது. பின்னர் நியூயார்க்குப் பக்கத்தில் சிலர் பாலை நீக்கித் தக்காளி சேர்த்தனர். நியூ இங்கிலாந்துக்காரர்கள் அதைக் கண்டு சினந்தனர். சௌடரில் தக்காளி சேர்ப்பதைத் தடை செய்ய வேண்டும் என்று 1939இல் மெயின் மாநிலச் சட்டமன்றத்தில் ஒரு மசோதாவே கொண்டுவரப்பட்டதாகச் சொல்வர். தம் பாட்டனார்க்குப் பாட்டனார் அறியாத ஒரு செய்முறைக்காக மக்கள் இவ்வளவு வழக்காடுகிறார்கள்! தொன்மையான மரபு என்று நாம் போற்றுவன பலவும் மூன்று நான்கு தலைமுறைகளில் உருவானவை என்பதற்கு இது நல்ல சான்று.

இனி நம் கரைக்கு வருவோம். மட்டி நமக்குப் புதியதன்று. பழவேற்காட்டு ஏரியிலும், பரங்கிப்பேட்டை அருகே வெள்ளாறு கடலோடு கலக்கும் கழிமுகத்திலும், வேறு பல உப்பங்கழிகளிலும் சேற்றுக்கடியில் அது புதைந்து வாழ்கிறது. நீர் வற்றும் வேளையில் கரையோர மக்கள் கையாலும் காலாலும் துழாவி அதை எடுக்கின்றனர். ஆனால் தமிழ்நாட்டின் பெரும்பகுதியில் மட்டியின் சதையைவிட ஓட்டுக்கே மதிப்பு மிகுதி. ஓட்டைச் சுட்டு நீற்றினால் சுண்ணாம்பு கிடைக்கும். நம் முன்னோர் வீட்டுச் சுவருக்குப் பூசியதும் வெற்றிலைக்குத் தடவியதும் அந்தச் சுண்ணாம்பே. அமெரிக்கப் பழங்குடி மக்களும் மட்டியைத் தின்று, அதன் ஓட்டை மணியாகக் கோத்து அணிந்தனர். ஓர் உயிர், இரண்டு கரைகள், இருவேறு பயன்கள்! கேரளத்து அஷ்டமுடிக் காயலில் மட்டி எடுப்போர் அளவறிந்து எடுக்கக் கற்றுக்கொண்டதால், 2014ஆம் ஆண்டில் அந்த மட்டித்தொழிலுக்கு உலக அளவிலான நற்சான்று கிடைத்தது. இந்தியாவில் அத்தகைய சான்று பெற்ற முதல் மீன்தொழில் அதுவே.

மட்டி கடலில் இருக்கிறது. கட்டபெட்டு ஏறத்தாழ ஆறாயிரம் அடி உயரத்தில் இருக்கிறது. இடைப்பட்ட தொலைவைக் கடக்கப் பனிக்கட்டி வேண்டும். இங்கே வரலாற்றில் ஒரு வியப்பைக் காண்கிறோம். சௌடருக்குப் பேர்போன அதே பாஸ்டன் நகரத்திலிருந்து பிரடெரிக் டியூடர் என்னும் வணிகர், குளிர்காலத்தில் உறைந்த ஏரிநீரைப் பாளம் பாளமாக அறுத்து, மரத்தூளில் பொதிந்து, 1833இல் கப்பல் வழியே கல்கத்தாவுக்கு அனுப்பினார். சென்னையில் அந்தப் பனிக்கட்டியைச் சேமிப்பதற்காக 1842இல் கட்டப்பட்ட கிடங்குதான் கடற்கரைச் சாலையில் இன்று விவேகானந்தர் இல்லமாக விளங்கும் 'ஐஸ் ஹவுஸ்'. பனிக்கட்டி கடல் கடந்து வந்த அந்நாளிலும் மலைக்குச் செல்ல நல்ல போக்குவரத்து இல்லை. மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூருக்கு மலை இரயில் ஓடத் தொடங்கியது 1899இல். அது உதகையை எட்டியது 1908இல். அதற்கு முன்னர் மலையில் குடியிருந்த ஆங்கிலேயர், கடலுணவுக்குப் பெரிதும் தகர டப்பாவையே நம்பியிருந்தனர். 'வைவெர்ன்' என்னும் புனைபெயரில் எழுதிய கர்னல் கென்னி-ஹெர்பர்ட், சென்னை மாகாணத்து ஆங்கிலேயருக்காக 1878இல் வெளியிட்ட சமையல் நூலில் அந்த டப்பா மோகத்தைக் கண்டித்திருக்கிறார். நம் 'மிளகுத் தண்ணீர்' ஆங்கிலத்தில் 'மல்லிகடானி' ஆன கதையும் அந்நூலில் உண்டு. சூப்புகள் ஒருவழிப் பாதையில் மட்டும் பயணம் செய்வதில்லை. நம் இரசத்தின் உறவினர் ஒருவர் இலண்டன் வரையில் சென்று குடியேறிவிட்டார்.

அடுத்தது கிழங்கு. உருளைக்கிழங்கின் தாயகம் தென்னமெரிக்காவின் ஆண்டீஸ் மலைத்தொடர். ஏழாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அம்மலை மக்கள் அதைப் பயிரிட்டு வந்தனர். வெள்ளை, கறுப்பு, ஊதா, சிவப்பு என்று நாலாயிரத்துக்கு மேற்பட்ட வகைகளை அவர்கள் காத்து வைத்தனர். ஒரே வயலில் பல வகைகளைக் கலந்து நடுவது அவர்கள் வழக்கம். ஒரு வகையை நோய் தின்றாலும் மற்றொரு வகை தப்பும் என்பது அவர்கள் கண்ட அறிவு. பதினாறாம் நூற்றாண்டில் ஸ்பானியர் இக்கிழங்கை ஐரோப்பாவுக்குக் கொண்டு சென்றனர். ஆனால் அங்கே சென்றவை ஒரு சில வகைகளே. இந்தச் செய்தியை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

நீலகிரிக்கு இக்கிழங்கைக் கொணர்ந்தவர் கோயம்புத்தூர் கலெக்டராயிருந்த ஜான் சல்லிவன். அவர் 1819இல் மலையேறி, கோத்தகிரியை அடுத்த திம்பட்டிப் பக்கத்தில் முதலில் தங்கினார். கன்னேரிமுக்கில் அவர் கட்டிய வீடு இன்று அவர் நினைவகமாகத் திகழ்கிறது. கட்டபெட்டிலிருந்து அது தொலைவில் இல்லை. தம் நாட்டின் காய்கனிகளும் கிழங்கும் இந்தக் குளிரில் விளையும் என்று கண்ட சல்லிவன், விதைகளை வரவழைத்துப் பயிரிட்டார், மலைமக்களுக்கும் கொடுத்தார். உதகையின் அரசு தாவரவியல் பூங்காவை நீங்கள் சுற்றுலாவில் பார்த்திருப்பீர்கள். அதன் முன்வரலாறும் ஒரு காய்கறித் தோட்டமே. 1840களில் உதகையில் வாழ்ந்த ஐரோப்பியர் மாதம் மூன்று ரூபாய் சந்தா செலுத்தி, தமக்குக் காய்கறி விளைவிக்க ஒரு தோட்டம் அமைத்துக்கொண்டனர். 1848இல் மேக்கைவர் பொறுப்பேற்ற பிறகே அம்முயற்சி பூங்காவாக மலர்ந்தது.

சல்லிவனுக்கு முன் இந்த மலை வெறும் காடாக இருந்தது என்று எண்ணிவிட வேண்டா. படுகர் சாமையும் கேழ்வரகும் கொறலியும் விளைவித்தனர். தோடர் எருமை மேய்த்துப் பாலும் நெய்யும் தந்தனர். கோத்தர் இரும்புக் கருவிகளும் மட்கலங்களும் செய்தனர். குறும்பர் காட்டுப் பொருள்களைக் கொணர்ந்தனர். ஒருவர் பொருளை மற்றவர் பெற்று, பணமின்றியே வாழ்க்கை நடத்தி வந்தனர். அந்த வாழ்க்கைக்குள் உருளைக்கிழங்கு நுழைந்தது. படுகர் அதனை ஏற்றுக்கொண்டனர். அவரைக்கொட்டையோடு கிழங்கைச் சேர்த்துச் சமைக்கும் குழம்பு இன்று படுகர் வீட்டில் விருந்தினர்க்கு மதிப்போடு பரிமாறும் உணவு. பாஸ்டன்காரர் சௌடரைத் தம்முடையது என்பதுபோல, இவர்களும் அதைத் தம்முடையது என்கின்றனர். இருவர் சொல்வதும் உண்மையே. எங்கிருந்து வந்ததானாலும், ஒரு மக்கள் கூட்டம் தன் கையால் பயிரிட்டுத் தன் அடுப்பில் சமைத்து, தன் குழந்தைக்கு ஊட்டிய உணவு அந்த மக்களுக்கு உரியதாகிவிடுகிறது.

கிழங்கு பணமும் தந்தது. ஆண்டில் மூன்று போகம் விளையும் வாய்ப்பு இந்த மலைக்கு உண்டு. சமவெளியில் கிழங்கு இல்லாத மாதங்களில் நீலகிரிக் கிழங்கு மூட்டை மூட்டையாக மேட்டுப்பாளையத்துச் சந்தைக்கு இறங்கியது. அங்கே இடைத்தரகர் வைத்த விலையே விலை என்றிருந்த நிலையை மாற்ற, படுகர் தலைவர் எச். பி. ஆரி கௌடர் 1930களில் முன்னின்று நீலகிரி கூட்டுறவு விற்பனைச் சங்கத்தை நிறுவினார். உழுதவனுக்கே ஏலத்தில் பேசும் உரிமை வேண்டும் என்பது அச்சங்கத்தின் கொள்கை.

மூன்றாவது பொருள் பால். பாலை இந்த மலை போற்றியதுபோல் வேறோர் இடம் போற்றியிருக்குமா என்பது ஐயமே. தோடர்க்குப் பால்மனையே கோயில். பால் கறப்பவரே பூசாரி. 1906இல் ரிவர்ஸ் என்னும் அறிஞர் தோடரைப் பற்றி எழுதிய பெருநூலில் மிகப் பல பக்கங்கள் இந்தப் பால்மனைச் சடங்குகளைப் பற்றியவையே. பழைய படுகர் வீட்டில் 'ஹாகோட்டு' என்னும் தனியறை உண்டு. பாலும் மோரும் வைக்கும் தூய இடம் அது. நம் 'பால்' படுக மொழியில் 'ஹாலு' ஆகிறது. சொல்லின் முதலெழுத்து மாறிற்று. பொருளுக்குத் தந்த மதிப்பு மாறவில்லை.

ஆகவே கிழங்கும் பாலும் கட்டபெட்டில் கைக்கெட்டும் தொலைவில் இருந்தவை. மட்டி மட்டுமே பனிக்கட்டிப் பெட்டியில் மலையேற வேண்டும். இனிச் சமைக்கலாம். இதனை மலைவீடுகளின் அடுப்பில் நானே செய்து பார்த்திருக்கிறேன். ஆதலால் ஏட்டுச் சுரைக்காயாகச் சொல்லவில்லை.

நால்வர் உண்ண, ஓட்டோடு கூடிய மட்டி ஒரு கிலோ வேண்டும். ஒரு லிட்டர் தண்ணீரில் முப்பது கிராம் உப்பைக் கரைத்தால் அது ஏறக்குறையக் கடல்நீர் ஆகும். அதில் மட்டியை இரண்டு மணி நேரம் கிடத்தினால், அது மூச்சுவிடும்போது உள்ளிருக்கும் மணலைத் தானே கக்கிவிடும். வாய் திறந்து கிடக்கும் மட்டியைத் தட்டிப் பாருங்கள், மூடிக்கொண்டால் உயிருள்ளது, மூடாவிட்டால் எறிந்துவிடுங்கள். பிறகு ஒரு குவளைத் தண்ணீரில் மூடி வைத்து வேகவிட்டால், ஐந்தாறு நிமிடத்தில் ஓடுகள் வாய் திறக்கும். திறக்காதவற்றை உண்ணலாகாது. சதையை எடுத்து நறுக்கிக்கொள்ளுங்கள். வெந்த நீரைத் துணியில் வடிகட்டி வையுங்கள். கடலின் சுவை முழுவதும் அந்த நீரில்தான் இருக்கிறது.

இங்கே ஓர் எச்சரிக்கை. 1981ஆம் ஆண்டில் நம் கடற்கரையில் வயலூர் என்னும் ஊரில் மட்டி உண்ட பலர் நச்சுக்கு ஆளாயினர், மூவர் இறந்தனர். கடலில் சில நுண்ணுயிர்ப் பாசிகள் பெருகும் காலத்தில் மட்டி அவற்றை உண்டு நஞ்சைத் தன் உடலில் சேர்த்துக்கொள்ளும். கொதிக்க வைத்தாலும் அந்நஞ்சு அழியாது. ஆகையால் நம்பத்தகுந்த இடத்து மட்டியையே வாங்குதல் வேண்டும். கடற்கரை மூதாட்டிகள், "இந்த மாதம் வேண்டாம்" என்று சொன்னால், அச்சொல்லைத் தட்டாதீர்கள்.

இனி, இரண்டு மேசைக்கரண்டி வெண்ணெயில் ஒரு பெரிய வெங்காயத்தை நிறம் மாறாமல் வதக்குங்கள். பழைய செய்முறையின் பன்றி இறைச்சிக்கு இங்கே வெண்ணெயே ஈடு செய்யும். மூன்று கிழங்குகளைத் தோல் சீவி, சிறு சதுரங்களாக நறுக்கி இட்டு, மட்டி வெந்த நீரை ஊற்றி வேகவிடுங்கள். சமவெளியைவிட இங்கே கிழங்கு வேக நேரமாகும். காரணம் பௌதிகப் பாடத்தில் இருக்கிறது. உயரம் கூடக் கூடக் காற்றின் அழுத்தம் குறைகிறது. அழுத்தம் குறையத் தண்ணீர் கொதிக்கும் வெப்பநிலையும் குறைகிறது. கடற்கரையில் 100 பாகையில் கொதிக்கும் நீர், ஆறாயிரம் அடி உயரத்தில் ஏறத்தாழ 94 பாகையிலேயே கொதித்துவிடும். கொப்பரை குமுறுவதைக் கண்டு கிழங்கு வெந்துவிட்டது என்று இறக்கிவிடக் கூடாது.

கிழங்கு வெந்ததும் அதில் கால் பங்கைக் கரண்டியால் மசித்துவிடுங்கள். சூப்பைக் கெட்டியாக்குவது அந்த மாவுச்சத்தே; வேறு மாவு தேவையில்லை. பிறகு தணலைக் குறைத்து, சூடாக்கிய பால் அரை லிட்டர் சேருங்கள். பால் சேர்ந்தபின் கொதிக்க விடலாகாது. கொதியும் உப்பும் சேர்ந்தால் பால் திரியக் கூடும். கடைசியில் மட்டிச் சதையை இட்டு, சூடேறியதும் இறக்குங்கள். நெடுநேரம் வேகவிட்டால் சதை தோல்போல் ஆகிவிடும். மிளகுத்தூள் தூவுங்கள். அமெரிக்கர் மேலே நொறுக்கும் கப்பல் ரொட்டிக்கு மாற்றாக, நம் ஊட்டி வர்க்கியை நொறுக்கிப் போடுங்கள். 2023ஆம் ஆண்டில் புவிசார் குறியீடு பெற்ற அந்த வர்க்கி, பாலில் ஊறியும் ஊறாமலும் பல்லில் படும்போது, இச்சூப்பு இம்மலையின் உறவு கொண்டாடத் தொடங்கிவிடும்.

கிண்ணம் நிறைந்துவிட்டது. ஆனால் கிழங்கின் கதை நிறையவில்லை.

ஐரோப்பாவுக்குச் சென்றவை ஒரு சில கிழங்கு வகைகளே என்று முன்னர்ச் சொன்னேன் அல்லவா? அயர்லாந்தின் ஏழை உழவர்கள் அவற்றுள்ளும் பெரும்பாலும் 'லம்பர்' என்னும் ஒரே வகையையே பயிரிட்டு, அதையே உண்டு வாழ்ந்தனர். 1845இல் கருகல் நோய் வந்தது. வயல்கள் அழுகின. அடுத்த சில ஆண்டுகளில் பசியாலும் நோயாலும் ஏறக்குறையப் பத்து இலட்சம் மக்கள் மாண்டனர். மேலும் அத்தனை பேர் நாட்டை விட்டே வெளியேறினர். அவ்வாறு கப்பலேறியவர்களில் பலர் போய் இறங்கிய துறைமுகங்களுள் பாஸ்டனும் ஒன்று. ஆட்சியாளரின் இரக்கமின்மையும் அந்தப் பஞ்சத்துக்குக் காரணமே. ஆயினும் ஒரே வகையை நம்பிய வயல், நோய்க்குக் கதவைத் திறந்து வைத்த வீடு போன்றது என்பதை உலகம் அன்று கற்றது.

நீலகிரிக்கும் சோதனை வந்தது. 1961இல் ஜோன்ஸ் என்னும் ஆங்கில அறிவியலார் உதகைப் பகுதி நிலத்தில் உருளைக்கிழங்கின் வேரைத் தாக்கும் நூற்புழுவைக் கண்டறிந்தார். கண்ணுக்கு எளிதில் புலப்படாத புழு அது. தாய்ப்புழு இறந்ததும் அதன் உடலே கெட்டியான கூடாகி, உள்ளே நூற்றுக்கணக்கான முட்டைகளைக் காக்கும். அக்கூடு மண்ணில் பல்லாண்டுகள் உயிரோடு காத்திருந்து, கிழங்குச் செடியின் வேர் அருகில் வந்தவுடன் விழித்தெழும். விதைக்கிழங்கோடு ஒட்டிய மண்ணிலேயே அது ஊர் விட்டு ஊர் போகும். ஆகையால் நீலகிரியின் விதைக்கிழங்கு பிற இடங்களுக்குச் செல்வது 1971இல் சட்டத்தால் தடுக்கப்பட்டது. விதைக்குப் பெயர்பெற்ற மலை தன் விதையை வெளியே அனுப்ப முடியாத நிலைமை எய்தியது.

ஆராய்ச்சியாளர் கைகட்டி இருக்கவில்லை. உதகை அருகே முத்தோரையில் 1957 முதல் இயங்கிவரும் மத்திய உருளைக்கிழங்கு ஆராய்ச்சி நிலையத்தின் உழைப்பால், அப்புழுவை எதிர்த்து நிற்கும் 'குஃப்ரி சுவர்ணா' என்னும் வகை 1985இல் வெளியிடப்பட்டது. அதற்கு எதிர்ப்பாற்றல் எங்கிருந்து கிடைத்தது தெரியுமா? ஆண்டீஸ் மலையில் யாரும் பயிரிடாமல் தானே வளரும் ஒரு காட்டுக் கிழங்கினத்திலிருந்து! பயனில்லை என்று அந்தக் காட்டுச் செடியை அம்மலையினர் அழித்துவிட்டிருந்தால், நம் மலைக்கு மருந்து கிடைத்திராது. பல வகைகளைக் காத்து வைப்பதன் பொருள் இதுவே.

ஆனால் அதற்குள் கட்டபெட்டின் சரிவுகள் நிறம் மாறிவிட்டன. புழு ஒரு பக்கம், நிலையில்லாத விலை ஒரு பக்கம். ஆண்டு முழுவதும் பறிக்கத் தகுந்த தேயிலையை உழவர்கள் நாடியதில் வியப்பில்லை. 1962இல் குந்தாவில் முதல் தொழிற்கூட்டுறவுத் தேயிலைத் தொழிற்சாலை தோன்றிற்று. 1965இல் அத்தகைய ஆலைகளின் கூட்டமைப்பான 'இண்ட்கோசர்வ்' அமைந்தது. கட்டபெட்டிலும் அத்தகைய கூட்டுறவு ஆலை ஒன்று இருக்கிறது. தேயிலை பல குடும்பங்களுக்குக் கல்வியும் வீடும் தந்தது என்பதை மறுக்க முடியாது. அதே வேளையில், மேய்ச்சல் நிலம் சுருங்கிற்று, மாடு குறைந்தது, சாமையும் கொறலியும் பல வீடுகளில் பெயரளவுக்கு நின்றன. 1990களின் இறுதியில் பசுந்தேயிலை விலை சரிந்தபோது சிறுவிவசாயிகள் தெருவில் இறங்கிப் போராட நேர்ந்தது. கிழங்கின் விலை வீழ்ந்தால் உழவன் கிழங்கைத் தின்றாவது அந்த மாதத்தைக் கடத்துவான். தேயிலையின் விலை வீழ்ந்தால் அவன் தின்பதற்கு என்ன இருக்கிறது?

இந்தக் கேள்வியைக் கட்டபெட்டில் ஒரு பெரியவர் என்னிடம் கேட்டார். அவர் தேயிலையை வெறுப்பவர் அல்லர். தம் பிள்ளைகளைத் தேயிலை வருமானத்தில் படிக்க வைத்தவர். "ஐயா, எங்கள் அப்பா காலத்தில் சந்தைக்குப் போனால் உப்பும் துணியும் வாங்கி வருவார். இன்று நான் போனால் உப்பு, துணியோடு கிழங்கும் பாலும் வாங்கி வருகிறேன்" என்றார். ஒரு நூற்றாண்டின் பொருளாதார வரலாறு அந்த இரண்டு வாக்கியங்களில் அடங்கியிருந்தது. அவர் குரலில் குறை இல்லை, கணக்கு இருந்தது.

இதிலிருந்து நாம் அறிவது என்ன? வெளியிலிருந்து வந்த பயிரைக் கண்டு அஞ்ச வேண்டா. கிழங்கும் வந்தது; மிளகாயும் வந்தது; தக்காளியும் வந்தது. வந்தவற்றால் நம் அடுப்பு வளம் பெற்றதே அன்றிக் கெடவில்லை. அஞ்ச வேண்டியது ஒன்றே ஒன்றுக்கு: நிலம் முழுவதையும் ஒரே பயிரிடம் ஒப்படைத்துவிட்டு, வீட்டுக்கு வேண்டியதையெல்லாம் விலைச்சீட்டிடம் கேட்டு நிற்கும் நிலைக்கு. அயர்லாந்து அதைப் பசியால் கற்றது. நீலகிரி அதைக் கடனால் கற்றது. நியூ இங்கிலாந்தின் கொப்பரையோ, புதியது வந்தபோது பழையதை முற்றிலும் வெளியேற்றாமல், கப்பல் ரொட்டிக்கும் ஓர் ஓரத்தில் இடம் வைத்தது. நம் வயலிலும் தேயிலைக்கு நடுவே சாமைக்கு ஒரு பாத்தியும், கிழங்குக்கு ஒரு பாத்தியும், மாட்டுக்கு ஒரு மேய்ச்சல் துண்டும் ஒதுக்க இயலாதா? மலையில் சில உழவர்கள் இன்றும் அவ்வாறு ஒதுக்கி வருகின்றனர்.

மாணவ நண்பர்களே, உங்களுக்கு ஒரு வேலை சொல்கிறேன். இந்த விடுமுறையில் உங்கள் ஊரின் மிக மூத்த பாட்டியாரிடம் சென்று உட்காருங்கள். அவர் சிறுமியாயிருந்தபோது வீட்டு வயலில் விளைந்தவை எவை, சந்தையில் வாங்கியவை எவை என்று இரண்டு பத்தியாக எழுதிக்கொள்ளுங்கள். அதன் பக்கத்தில் இன்று உங்கள் வீட்டில் விளைபவை, வாங்குபவை என்று இன்னும் இரண்டு பத்தி எழுதுங்கள். ஒவ்வொரு விதையின் பெயரையும் அவர் சொல்கிற உச்சரிப்பிலேயே குறித்து வையுங்கள். அந்தத் தாளில் நீங்கள் காணும் வரலாறு எந்தப் பாடநூலிலும் அச்சாகவில்லை. அதைச் சொல்லத் தெரிந்தவர்களின் எண்ணிக்கை ஆண்டுதோறும் குறைந்து வருகிறது.